கடைசி ரீல் இல்லாத மாப்பிள்ளை

எங்கள் மாமாவுக்குக் கோபம் வந்தால் மரியாதை கூடிவிடும். மற்றவர்கள் கோபத்தில் நீ, வா, போ என்று இறங்குவார்கள். இவர் ஏறுவார். வாக்கியத்துக்கு ஒரு 'ங்க' என்று இருந்தது வார்த்தைக்கு ஒரு 'ங்க' ஆகிவிடும். ஒருமுறை சாயப்பட்டறைக்காரர், வெளுக்கக் கொடுத்த துணியில் நீலத்தை ஒட்ட வைத்துக் கொண்டுவந்தார். மாமா அவரை நாற்காலியில் உட்கார வைத்து, டீ வரவழைத்துக் கொடுத்து, "ஏனுங்க, நீங்கங்க, பெரியவருங்க, உங்களுக்குங்க, கண்ணு தெரியுதுங்களாங்க?" என்று கேட்டார். அந்த மனிதர் டீயைத் தொடாமலே எழுந்து போனார்.

பெயரைச் சொல்லப் போவதில்லை. அவர் பிள்ளைகள் இன்னும் தொழிலில் இருக்கிறார்கள், எதற்கு வம்பு. அம்மாவுக்கு அண்ணன். அப்பா தவறிய பிறகு எங்களைப் பக்கத்து வீட்டிலேயே குடிவைத்தார். திருப்பூர் ராயபுரத்தில் இருந்த அவருடைய பனியன் கம்பெனியில் எனக்குச் செக்கிங் வேலை கொடுத்தார். தைத்து வரும் பனியனை வெளிச்சத்தில் விரித்துப் பார்த்து, ஓட்டையோ கறையோ தையல் விட்டதோ இருந்தால் செகண்ட்ஸ் கூடையில் போட வேண்டும். கம்பெனி சின்னது. ஆனால் அதற்கென்று ஒரு லேபிள் இருந்தது. சிவப்புக் கொண்டையோடு ஒரு மரங்கொத்தி. பெற்ற பிள்ளைகளைவிட அந்தப் பறவை மேல்தான் இவருக்குப் பாசம் என்று அத்தை சொல்வார். அத்தை எதையும் கூட்டித்தான் சொல்வார், ஆனால் இதில் கூட்டல் இல்லை.

ஊரில் மாமாவுக்கு டிக்கெட்காரர் என்று பெயர். டிக்கெட் எடுக்காமல் எந்தப் படத்தையும் அவர் பார்க்க மாட்டார். இதிலென்ன பெருமை என்று இப்போது கேட்கலாம். அது எண்பதுகள் முடிந்து தொண்ணூறுகள் பிறந்த சமயம். தெருவுக்கு நாலு வீட்டில் வீடியோ டெக் வந்திருந்தது. தியேட்டருக்குள் காமிராவை மறைத்துக் கொண்டுபோய்ப் பிடித்த புதுப்படங்கள், வந்த வாரமே கேசட்டாக வாடகைக்குக் கிடைத்தன. கதாநாயகி அழும்போது பின்னால் யாரோ முறுக்குக் கடிக்கும் சத்தம் கேட்கும். முன்வரிசை ஆள் எழுந்து போனால் கதாநாயகன் தலை காணாமல் போகும். யாரும் அதைக் குறையாக நினைக்கவில்லை. ஒரு கேசட்டுக்கு ஒரு தெருவே கூடி உட்கார்ந்து, மிக்சர் தின்றுகொண்டு பார்த்தது. மாமா மட்டும் அந்த வீட்டுப் பக்கம் நடக்கும்போது தலையை எதிர்ப்பக்கம் திருப்பிக்கொண்டு போவார். ஒருநாள் அப்படிப் போய்த்தான் குப்பைத்தொட்டியில் முட்டிக்கொண்டார்.

மதுரைக்கு ஒரு விசேஷத்துக்குப் போனபோது வீடியோ பஸ்ஸில் இடம் கிடைத்தது. பகல் நேரம்தான். வண்டி பல்லடம் தாண்டியதும் கண்டக்டர் புதுப்படக் கேசட் ஒன்றைச் செருகினார். மாமா எழுந்தார், சீட்டில் மண்டி போட்டுத் திரும்பி, வண்டியின் பின்பக்கத்தைப் பார்த்து உட்கார்ந்துவிட்டார். எல்லாரும் படத்தைப் பார்க்க, இவர் எல்லாரையும் பார்த்தார். கொஞ்ச நேரம் யாருக்கும் ஒன்றும் தோன்றவில்லை. பிறகு ஒரு அம்மாள் முந்தானையைச் சரிசெய்தார். ஒருவர் மூக்கில் வைத்த விரலை எடுத்தார். தாராபுரம் வருவதற்குள் பஸ்ஸே கூச்சத்தில் நெளிந்தது. கண்டக்டர் வந்து, "பெரியவரே, நேரா உக்காருங்க" என்றார்.

"நீங்க படம் பாருங்க. நான் இவங்களப் பாக்கறனுங்க. இதுக்குத்தான் டிக்கெட் வாங்கியிருக்கறன்" என்றார் மாமா.

ஒட்டன்சத்திரத்தில் படத்தை நிறுத்திவிட்டார்கள். இறங்கும்போது அந்த அம்மாள் எங்களை முறைத்துக்கொண்டே போனார். எனக்கு மானம் போயிற்று.

ஆயுதபூசைக்கு மற்ற கம்பெனிகளில் டெக் வாடகைக்கு எடுத்து, பொரி கடலையோடு மூன்று படம் போடுவார்கள். எங்கள் கம்பெனியில் பொரியை மடியில் கட்டிக்கொண்டு, துணி ஏற்றும் டெம்போவில் எல்லாரும் தியேட்டருக்குப் போக வேண்டும். டிக்கெட்டை எல்லாம் மாமாவே எடுப்பார். எடுத்ததை யாரிடமும் தர மாட்டார். மொத்தமாகச் சுருட்டி வேட்டி மடியில் செருகி, படம் முடிந்து எல்லாரும் வெளியே வரும்வரை காப்பாற்றுவார். "அது பில்லு கண்ணு. பில்லு இல்லாத சரக்கு திருட்டுச் சரக்கு" என்பார். படம் நன்றாக இல்லாவிட்டால் மேனேஜர் அறைக்குப் போய், சரக்குத் திருப்பிவிடுகிற வியாபாரி மாதிரி, இடைவேளைக்குப் பின்னால் எங்கெங்கே தொய்வு என்று ஆதியோடந்தமாகச் சொல்லிவிட்டு வருவார். டிக்கெட் எடுக்காத படத்தைப் பற்றி ஒரு வார்த்தை பேச மாட்டார். நாம் வாங்காத சரக்கைப் பற்றி நாம் என்ன பேசுவது என்பது அவர் கட்சி.

இந்தக் கிறுக்கு எப்போது பிடித்தது என்று எனக்குத் தெரியும். ஒருநாள் சேவூர்ப் பக்கத்து விவசாயி ஒருவர் கையில் ஒரு குட்டிப் பனியனோடு கம்பெனிக்கு வந்தார். வந்த வேகத்திலேயே அதை மாமாவின் மேஜையில் விரித்தார்.

"சந்தைல எனக்குன்னு வாங்குனனுங்க. ஒரே தொவை. இப்ப எம்பட பேரனுக்குப் போடறனுங்க. அவனுக்கும் பத்தல."

மாமா கழுத்துப் பட்டியைத் திருப்பிப் பார்த்தார். மரங்கொத்திதான். ஆனால் கொண்டை இல்லை. வயிறு தொங்கி, கோழி மாதிரி இருந்தது. யாரோ எங்கள் லேபிளை அச்சடித்து, மட்டச் சரக்கில் தைத்துச் சந்தை சந்தையாக விற்றுக்கொண்டிருந்தார்கள். மாமா அந்த விவசாயிக்கு நல்ல பனியன் கொடுத்து அனுப்பினார். ஆனால் சந்தைக்குச் சந்தை எத்தனை பேருக்குக் கொடுக்க முடியும்? மரங்கொத்தி என்றாலே சுருங்கும் என்று பேர் ஆகி, ஆர்டர் படுத்துவிட்டது. சனிக்கிழமை சம்பளத்துக்கு நிற்கிறவர்கள் முகத்தைப் பார்க்க முடியாமல் அவர் பின்கட்டில் போய் உட்கார்ந்திருந்ததை நான் பார்த்தேன். அழுதார் என்றுதான் நினைக்கிறேன். திரும்பி வந்தபோது முகம் கழுவியிருந்தார்.

அந்தக் கோழியை ஒட்டியவனை அவர் கடைசிவரை கண்டுபிடிக்கவில்லை. அதிலிருந்து ஊரில் உள்ள திருட்டுக் கேசட் எல்லாம் அவர் கண்ணுக்குக் கோழியாகவே தெரிந்தது. சலூனில் முகத்தில் சோப்போடு உட்கார்ந்திருந்தபோது கடைக்காரர் டெக்கைப் போட்டுவிட்டார். பாதிச் சவரத்தோடு எழுந்து ஓட முடியாமல் இவர் கண்ணை மூடிக்கொண்டார், காதை மூடத் தெரியவில்லை. மறுநாள் அந்தப் படத்துக்கு டிக்கெட் எடுத்து உள்ளே போய், சலூனில் கேட்ட வசனம் வரும்வரை உட்கார்ந்திருந்துவிட்டு எழுந்து வந்தார். இப்படி ஒரு மனிதரை மாமாவாக வைத்துக்கொண்டு நான் கல்யாணம் ஆகாமல் நின்றேன்.

நின்றேன் என்பதைச் சும்மா சொல்லவில்லை. எங்கள் பக்கத்தில் தாய்மாமன் தலையசைக்காமல் பெண்ணுக்குப் பூ வைக்க முடியாது. அப்பாவும் இல்லாததால் அவர் சொல்தான் முதலும் முடிவும். வந்த வரன்களில் ஒருவர், "தியேட்டருக்கெல்லாம் யாருங்க போறா இப்ப" என்று சொல்லிவிட்டார். போயிற்று. இன்னொருவர் வீட்டில் நுழைந்ததும் டி.வி.யில் ஏதோ புதுப்படம் ஓடியது. மாமா வாசலிலேயே செருப்பை மாட்டிக்கொண்டு திரும்பிவிட்டார். அம்மா அழாத வெள்ளிக்கிழமை இல்லை. என்னைவிடச் சின்னவளான மாமா பெண் இடுப்பில் குழந்தையோடு வந்து, "உனக்கு எப்பக்கா?" என்று கேட்டாள். எனக்கு அவளை அறையலாம் போல இருந்தது.

அப்போதுதான் நூல் வியாபாரி பாய் ஒரு வரன் கொண்டுவந்தார். அவர் மாமாவுக்குச் சின்ன வயதுச் சிநேகிதர், ராயபுரத்திலேயே கடை. மாமாவைக் கிண்டல் செய்யும் உரிமை உள்ள ஒரே ஆள்.

"உடுமலைல கடை வெச்சிருக்கற பையன்ணா. குணம் தங்கம்."

"என்ன கடைங் பாய்?"

"எலக்ட்ரிக் சாமான் மாதிரிங்ணா" என்று சொல்லிவிட்டு பாய் தண்ணீர் கேட்டார். பாய் தண்ணீர் கேட்டால் அதில் ஏதோ இருக்கிறது என்று எங்களுக்குத் தெரிந்திருக்க வேண்டும்.

ஞாயிற்றுக்கிழமை மாப்பிள்ளை தன் அம்மாவோடு வந்தார். மெலிந்த உடம்பு, எண்ணெய் வைத்து வாரிய தலை, பயந்த கண். வெற்றிலை, பூ, பழம் எல்லாம் தட்டில் இருந்தன. எல்லாவற்றுக்கும் மேலே, வண்ணக் காகிதம் சுற்றி ஒரு கேசட்.

"மாமாவுக்குச் சினிமான்னா உசுருன்னு பாய் சொன்னாருங்க" என்றார் அவர், பெருமையாக. படத்தின் பேரையும் சொன்னார். "புதுப்படமுங்க. டவுன்ல சுத்தறதெல்லாம் காப்பிக்குக் காப்பிங்க. இது மொதக் காப்பிங்க. நம்ம கடைல இருந்துதான் எல்லாப் பக்கமும் போகுதுங்க."

பாய் விட்டத்தைப் பார்த்தார். நான் சமையல்கட்டு வாசலில் காபித் தட்டோடு நின்றேன்.

மாமா கேசட்டைக் கையில் வாங்கவில்லை. நிமிர்ந்து உட்கார்ந்தார். "ஏனுங்க தம்பி, இதுங்க, படம் எடுத்தவருங்க, உங்களுக்குங்க, குடுத்தாருங்களாங்க?"

நான் எண்ணிப் பார்த்தேன், அத்தனையும் 'ங்க'. முடிந்தது என் கதை என்று நினைத்தேன்.

"இல்லீங்க மாமா" என்றார் மாப்பிள்ளை. பொய் சொல்லியிருக்கலாம். அவருக்குத் தோன்றவில்லை.

"சரிங்க. இந்தப் படத்துல கதாநாயகனத் தண்டவாளத்துல கட்டிப் போட்டர்றாங்களாமா. நம்ம கம்பெனில துணி வெட்டற டேபிள்ல ஒரு வாரமாச் சண்டைங்க. மதுரைக்காரன் ஒருத்தன் செத்துட்டான்ங்கறான். நம்மூருக்காரம்மா பொழைச்சுக் கல்யாணமே ஆச்சுங்குது. எல்லாரும் கேசட்டுல பாத்தவங்கதான். கடைசில என்னதாங்க ஆச்சு?"

மாப்பிள்ளையின் காது சிவந்தது. "தெரியலீங்க மாமா. இதுல கடைசி ரீல் இல்லீங்க. காமிரால புடிச்சவருக்குக் கடைசி பஸ்ஸுக்கு நேரமாயிருச்சாமா. ரயிலு வரும்போதே எந்திரிச்சுப் போயிட்டாருங்க."

"கேசட் எடுத்துட்டுப் போறவங்க கேட்டா என்ன சொல்லுவீங்க?"

"ஆளப் பாத்துச் சொல்றதுங்க. பொம்பளைங்க கேட்டா பொழைச்சுட்டான்னு சொல்லுவனுங்க. எளவட்டப் பசங்க கேட்டா செத்துட்டான்னு சொல்லுவனுங்க."

எனக்குச் சிரிப்பு பீறிட்டு, காபி தட்டில் கொட்டியது. அவர் நிமிர்ந்து பார்த்தார். நானும் பார்த்தேன். இந்த ஆளைக் கட்டிக்கொண்டால் வாழ்நாள் முழுக்கச் சிரிக்கலாம் என்று அந்த நிமிஷமே முடிவு செய்துவிட்டேன்.

மாமாவின் முடிவு வேறாக இருந்தது. எங்கள் ஊரில் வெளிநாட்டுக்குப் போகிற சரக்கைப் பார்க்க ஒரு ஆள் வருவார். கட்டி வைத்த பெட்டிகளில் சிலதைப் பிரித்துப் பார்ப்பார். குறை இருந்தால் 'லாட் ஹோல்டு' என்று மொத்தச் சரக்கையும் நிறுத்திவைப்பார். கம்பெனிக்காரர் எல்லாப் பெட்டியையும் உடைத்து, கெட்டதைப் பொறுக்கிப் போட்டுவிட்டு மறுபடி காட்ட வேண்டும். பெண் பார்க்க வந்தவர்களை மாமா வாசல்வரை வந்து வழியனுப்பினார். கேசட்டை மாப்பிள்ளையின் பையில் திருப்பி வைத்தார்.

"லாட் ஹோல்டுங்க தம்பி. ரிஜெக்ட் பண்ணலீங்க. பிரிச்சுப் பொறுக்கீட்டு மறுக்காக் காட்டுங்க" என்றார்.

மாப்பிள்ளையின் அம்மாவுக்கு ஒன்றும் புரியவில்லை. தெருமுனை வரை பாயிடம் விளக்கம் கேட்டுக்கொண்டே போனார்.

நான் மாமாவோடு பேசுவதை நிறுத்தினேன். கம்பெனியில் கோபத்தைப் பனியன் மேல் காட்டினேன். நல்ல பீஸ் எல்லாம் செகண்ட்ஸ் கூடையில் விழுந்தது. மாமா வந்து கூடையைப் பார்ப்பார், ஒவ்வொன்றாக எடுத்து நல்லதோடு சேர்ப்பார், போய்விடுவார். ஒரு வாரம் கழித்து எனக்கே அலுத்துப் போய்க் கேட்டேன்.

"நடிகருங்க பங்களா பங்களாவாக் கட்டறாங்க மாமா. நாம கேசட்டுல பாத்தா அவங்களுக்கு என்னங்க கொறையப் போகுது?"

"நடிகனுக்கு ஒண்ணும் கொறையாது கண்ணு" என்றார். "அவன நீ பாத்தர்ற. லைட்டத் தூக்கிப் புடிச்சுட்டு ஒருத்தன் நிக்கறான் பாரு, அவன் படத்துலயே வரமாட்டான். துணி தெக்கறவன், சோறாக்கறவன், தியேட்டர்ல சீட்டுக் கிழிக்கறவன். அவனுக்குஞ் சனிக்கெழமைன்னு ஒண்ணு வருமல்ல?"

"அவங்க சனிக்கெழமைக்கும் உங்க மரங்கொத்திக்கும் நான் கன்னியாவே இருக்கோணுமா?"

அவருக்கு முகம் விழுந்துவிட்டது. "அந்தத் தம்பி கெட்டவருன்னு நான் சொல்லல கண்ணு. பொய் சொல்லாத ஆளு திருட்டுச் சரக்கு விக்கறாரேன்னுதான் வயிறு எரியுது" என்றார். அன்றைக்குக் கூடையில் போட்ட நல்ல பீஸ்களை நானே எடுத்து நல்லதோடு சேர்த்தேன். அதுவும் எரிச்சலாக இருந்தது.

மழை முடிந்து வெயில் திரும்பும் சமயம் பாய் வந்தார். இந்தத் தடவை தண்ணீர் கேட்கவில்லை. உடுமலைக்கடையின் அலமாரிகள் முக்கால்வாசி காலியாம். உரிமை வாங்கி முறையாகப் போட்ட பழைய படக் கேசட்டுகள் மட்டும் ஒரு ஓரத்தில் இருக்கின்றனவாம், அதிலும் பாதி சாமி படம். புதுப்படம் கேட்டு வருகிறவர்கள் திட்டிவிட்டுப் போகிறார்களாம். பையன் ஒரு வீடியோ காமிரா வாங்கி, கல்யாண வீடுகளுக்குப் படம் எடுக்கப் போகிறாராம்.

"முதல் கல்யாணத்துலயே தாலி கட்டறப்ப பொண்ணு மாப்பிள்ளைய உட்டுட்டு ஐயர எடுத்துட்டானாமாணா. ஆனா அது அவனே எடுத்தது" என்றார் பாய்.

மாமா சிரித்துவிட்டார். அவ்வளவு நாள் கழித்து அவர் சிரித்ததைப் பார்த்ததும் எனக்கு உயிர் வந்தது. "அந்தத் தண்டவாளப் படம் இப்ப எங்க பாய் ஓடுது?" என்று கேட்டார்.

திருப்பூரில் ஓடவில்லை. உடுமலையில் மூன்று நாளோடு எடுத்துவிட்டார்களாம், ஊரே கேசட்டில் பார்த்துவிட்ட படத்துக்கு யார் வருவார்கள். சேவூரில் ஒரு தகரக் கொட்டகையில் மட்டும் ஓடியது. "தம்பியை ஞாயித்துக்கெழமை மேட்னிக்கு அங்க வரச் சொல்லுங்க. படம் முடியட்டும், என்ற பதிலச் சொல்லீர்றன்" என்றார் மாமா.

டெம்போவில் மாமா, அம்மா, பாய், நான் நால்வரும் போனோம். மாப்பிள்ளை மொபெட்டில் வந்து வாசலில் காத்திருந்தார். மாமா ஐந்து டிக்கெட் எடுத்தார், வழக்கம்போலச் சுருட்டி மடியில் செருகினார். மாப்பிள்ளை தன் டிக்கெட்டுக்குக் கை நீட்டி, மாமா முகத்தைப் பார்த்துவிட்டுக் கையை இழுத்துக்கொண்டார். உள்ளே ஆண்களுக்கும் பெண்களுக்கும் நடுவில் இடுப்புயரச் சுவர். தகரக் கூரைக்குக் கீழே அவிந்துகொண்டிருந்தோம். மாமா சட்டையைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டு, மரங்கொத்திப் பனியனோடு உட்கார்ந்தார். பாய் முதல் பாட்டிலேயே தூங்கிப்போனார்.

எனக்குப் படத்தில் மனம் போகவில்லை. படம் முடிந்தால் பதில் என்று சொல்லியிருக்கிறாரே. எப்போதடா ரயில் வரும் என்று உட்கார்ந்திருந்தேன். ஒருவழியாகக் கதாநாயகனைத் தண்டவாளத்தில் கட்டிப் போட்டார்கள். தூரத்தில் ரயில் கூவியது. திரை வெள்ளையாகிவிட்டது.

விசில் பறந்தது. கொட்டகைக்காரர் வந்து கும்பிட்டார். ஒரே பிரிண்டைத்தான் அவினாசித் தியேட்டரும் இவர்களும் பங்கு போட்டு ஓட்டுகிறார்களாம். அங்கே ஓடி முடிந்த ரீலை ஒரு ஆள் சைக்கிளில் கொண்டுவர வேண்டும். கடைசி ரீலோடு கிளம்பிய ஆள் இன்னும் வந்து சேரவில்லை. "இருக்கறவங்க இருங்க, போறவங்க போங்க" என்றார்.

இந்தப் படத்துக்கு முடிவே கிடையாதா? சுவருக்கு அந்தப் பக்கம் பார்த்தால் மாப்பிள்ளையின் இடம் காலி. வெளியே மொபெட் கிளம்பும் சத்தம் கேட்டது.

"போயிட்டாராட்ட இருக்குது" என்றார் மாமா, சுவருக்கு மேலே எங்களைப் பார்த்து. அவர் குரலில் சந்தோஷம் இல்லை. அம்மா முந்தானையில் முகத்தைப் புதைத்துக்கொண்டார். நான் அழவில்லை. அப்படிப் போகிற ஆளாக இருந்தால் போகட்டும் என்று பல்லைக் கடித்துக்கொண்டேன். கொட்டகையில் கால்வாசிப் பேர் எழுந்து போய்விட்டார்கள்.

வெகுநேரம் கழித்து மொபெட் சத்தம் திரும்பியது. வாசலில் ஒரே கூச்சல். எட்டிப் பார்த்தேன். மாப்பிள்ளை வண்டியை ஓட்ட, பின்னால் ரீல்காரர் பிலிம் பெட்டியைக் கட்டிப்பிடித்துக்கொண்டு இருந்தார். வழியில் சைக்கிள் செயின் அறுந்து நின்றவரை இவர் தேடிப்போய் ஏற்றி வந்திருக்கிறார். சீட்டுக் கிழிக்கிறவரும் ரீல்காரரும் ஆளுக்கொரு பக்கம் பெட்டியைப் பிடித்துக்கொண்டு ஆபரேட்டர் அறைப் படியேறி ஓடினார்கள். விளக்கு அணைந்தது. ரயில் மறுபடி கூவியது. மொத்தக் கொட்டகையும் திரையைப் பார்த்தது.

நான் வாசலைப் பார்த்தேன். அங்கே ஒரு கறுப்புத் துணிதான் தொங்கும். துணிக்குக் கீழே இரண்டு கால் தெரிந்தது. செயின் மையும் புழுதியும் அப்பிய கால். காவலுக்கு ஆளில்லை. விலக்கிக்கொண்டு உள்ளே வர ஒரு விநாடி ஆகாது. ஊருக்கெல்லாம் முடிவு தெரியாமல் முடிவு சொன்னவர், முடிவு ஓடிக்கொண்டிருக்கும்போது வெளியே நின்றார்.

மாமாவும் அந்தக் கால்களைப் பார்த்துவிட்டார். திரையை ஒருமுறை பார்த்தார், காலை ஒருமுறை பார்த்தார். எழுந்து வாசலுக்குப் போனார். நான் விடுவேனா, பின்னாலேயே போனேன்.

"ஏன் தம்பி, உள்ள வர்றதுதான? ஆரும் இல்லியே?"

"டிக்கெட் உங்ககிட்ட இருக்குதுங்க மாமா" என்றார் மாப்பிள்ளை.

அதற்குள் சீட்டுக் கிழிக்கிறவர் மூச்சு வாங்க இறங்கி வந்து, மாப்பிள்ளையை ஏற இறங்கப் பார்த்தார். "ஆருங்க இது? டிக்கெட் எங்க?"

"எங்கூட்டு மாப்பிள்ளைங்க" என்றார் மாமா. "டிக்கெட் எங்கிட்ட இருக்குது."

சொல்லிவிட்டு மடியைத் தடவினார். அந்த வேர்வையில் ஐந்து டிக்கெட்டும் ஒன்றோடொன்று ஒட்டிப்போயிருந்தன. அதை அவர் நகத்தால் பிரிக்க, சீட்டுக் கிழிக்கிறவர் வெளிச்சத்தில் பிடிக்க, கிழிந்தது இன்னும் கிழிய, உள்ளே கைதட்டலோ கத்தலோ ஏதோ ஒரு சத்தம் வந்தது. துணியை விலக்கிக்கொண்டு ஜனங்கள் வெளியே வர ஆரம்பித்துவிட்டார்கள். கடைசியாக, முந்தானையிலிருந்து முகத்தையே எடுக்காமல் உட்கார்ந்திருந்த அம்மா கண்ணைத் துடைத்துக்கொண்டு வந்தார், அவருக்குப் பின்னால் பாய் கொட்டாவி விட்டுக்கொண்டு.

"என்னாச்சுங் பாய், பொழைச்சானா?" என்று மாமா பரபரப்பாகக் கேட்டார்.

"ஆருங்ணா?" என்றார் பாய்.

மாமா தலையில் கை வைத்துக்கொண்டார். அம்மா, மாமா சம்மதித்துவிட்ட விஷயம் கேள்விப்பட்டு அங்கேயே மறுபடி அழ ஆரம்பித்தார், இந்தத் தடவை சிரித்துக்கொண்டு. டெம்போவை நோக்கி எல்லாரும் நடந்தார்கள். நான் கொஞ்சம் பின்தங்கினேன். அவரும் மொபெட்டைத் தள்ளிக்கொண்டு பின்தங்கினார். அதுவரை நானும் அவரும் ஒரு வார்த்தை பேசியதில்லை.

"அவன் பொழைச்சுட்டானுங்களா?" என்று கேட்டேன்.

பொம்பளை கேட்டால் என்ன சொல்வார் என்று எனக்குத் தெரியும். அவருக்கும் அது ஞாபகம் வந்திருக்க வேண்டும், காது சிவந்தது.

"தெரியலீங்க" என்றார். "டிக்கெட் எடுத்துப் பாத்துட்டுச் சொல்றனுங்க."

முன்னால் போய்க்கொண்டிருந்த மாமா நின்றார். திரும்பிப் பார்க்காமலே மடியை இறுக்கிக்கொண்டு, "நாளைக்கும் மேட்னி இருக்குதாமா கண்ணு, கேட்டுட்டேன்" என்றார்.